இரு தரப்பாருக்கும் ஆகாமற்போன என் அக்கா

அக்கா மறைந்து ஓராண்டு நிறைகிறது. இந்த நினைவு மலரைக் கையில் வைத்திருக்கும் உறவினர்களில் பெரும்பாலோர் அக்கா பேசியதை ஒருமுறைகூட உட்கார்ந்து கேட்டதில்லை. அக்காவைப் பற்றிப் பேசாத நாளும் அவர்களுக்கு இருந்ததில்லை. ஆகவே நடந்ததைத் தம்பியாகிய நானே எழுதிவிடுகிறேன்.

அக்கா பிறந்தது சங்கரன்கோவிலில். கோயில் திருவிழாவில் மண்டகப்படி உரிமையும் பனவடலிசத்திரத்தில் கொஞ்சம் புஞ்சையும் உள்ள குடும்பம். தாயாரை இழந்த பிறகு என்னை வளர்த்துக்கொண்டே படித்தார்கள். ஊர்ப் பேச்சுக்குக் காது கொடுக்காமல் அப்பா சென்னை வரை படிக்க அனுப்பினார்கள். பின்னர் அக்கா பாளையங்கோட்டையில் ஒரு பெண்கள் கல்லூரியில் சரித்திரம் கற்பித்தார்கள். ரோமாபுரி வரலாறு நடத்தும்போது ஒரு மாணவி, "முதல் கிறிஸ்தவங்க எப்படி இருந்தாங்க டீச்சர்?" என்று கேட்டிருக்கிறாள். கையிலிருந்த நூல்களில் கிடைத்ததெல்லாம் பிரசங்கம். சரித்திரம் தேடிக் கிரேக்கம் படித்தார்கள். கல்யாணம் செய்துகொள்ளவே இல்லை.

சுதந்திரத்துக்குப் பின், விடுமுறைகளில் ஊருக்கு வந்து தேரடி வாசகசாலையில் அந்தச் சரித்திரத்தைத் தமிழில் பேச ஆரம்பித்தார்கள். கடைக்காரர், வண்டிக்காரர், ராயகிரியிலிருந்து வந்த புஞ்சைக்காட்டுச் சம்சாரி, எவரும் கேட்கலாம். முதல் கிறிஸ்தவர்கள் வீடுகளில்தான் கூடினார்கள், சில வீடுகளில் பெண்களே முன்னின்றார்கள் என்றபோது எல்லோரும் தலையாட்டிக் கேட்டார்கள். யார் யாரோடு உட்கார்ந்து சாப்பிடலாம் என்று அந்தியோக்கியா நகரில் அவர்களுக்குள் சண்டை மூண்டதைச் சொன்ன அன்றுதான் வினை வந்தது.

உள்ளூர்க் கிறிஸ்தவ சபைப் பெரியவர் ஒருவர் எழுந்தார். "எங்க சபையைக் குத்திக் காட்டுதியளா?"

"அந்தியோக்கியாவுல நடந்ததைச் சொல்லுதேன் ஐயா. உங்களுக்கு உங்க சபை ஞாபகம் வந்தா நான் என்ன செய்ய?"

எங்கள் பெரியப்பா மகன் அண்ணாச்சியும் விடவில்லை. "ஏட்டி, வேதக்காரங்க கதையைத் தேரடியில வந்து சொல்லணுமா? நம்ம சாமி உனக்குப் போதாதா?"

"சாமியைப் பத்தி நான் பேசல அண்ணாச்சி. மனுசங்களைப் பத்திப் பேசுதேன்."

மறுவாரமே அக்கா வேதத்தில் சேர்ந்துவிட்டதாக, கிறிஸ்தவராக மதம் மாறிவிட்டதாகப் பேச்சு கிளம்பியது. ஆடித்தபசுத் திருவிழாவுக்கு எங்கள் வீட்டில் பாய் போதாமல் படுக்கும் சொந்தங்கள், அந்த வருஷம் எங்கள் தெரு வழியாகவே வரவில்லை. கிறிஸ்தவர்களும் கூட்டத்துக்கு வருவதை நிறுத்தினார்கள். அக்கா பேச்சை நிறுத்தவில்லை. நாலு பேர் இருந்தாலும் பேசினார்கள்.

வயிற்றில் கட்டி வந்து வீட்டோடு கிடந்தபோது எட்டிப் பார்த்த உறவு இல்லை. உயிர் பிரிந்த காலையில் மட்டும் அண்ணாச்சி ஆட்களோடு வந்து தெருவில் நின்றார்.

"எரிக்கவா, புதைக்கவா? அதை முதல்ல சொல்லு. தெரிஞ்சாத்தான் உள்ள வருவோம்."

"அக்கா வேதத்துல சேரவே இல்ல அண்ணாச்சி."

"ஊர் அப்படிச் சொல்லலியே" என்று திரும்பி நடந்தார். கூட வந்தவர்களும் போனார்கள்.

சற்று நேரத்தில் அந்தச் சபைப் பெரியவர் செருப்பை வாசலில் விட்டு உள்ளே வந்தார். "அவங்க பேசினது எனக்கு இன்னைக்கும் பிடிக்கல தம்பி. ஆனா என் முகத்தைப் பார்த்துப் பதில் சொன்னாங்க. ஒரு பக்கம் நான் தூக்குதேன்." வாசகசாலைக்கு வந்துகொண்டிருந்த வண்டிக்காரரும் கடைக்காரரும் தோள் கொடுத்தார்கள். கொள்ளி வைத்தது நான்.

தூக்கியவர்களுக்கும், நோயில் கஞ்சி கொண்டுவந்த வண்டிக்காரர் மனைவிக்கும் என் குடும்பம் கடமைப்பட்டிருக்கிறது. மற்றவர்களுக்கு நன்றி சொல்ல என்னிடம் ஒன்றும் இல்லை. சொந்தங்களே, ஓராண்டு கழித்து இப்போது துக்கம் விசாரிக்க வரலாமா என்று ஆள்விட்டுக் கேட்கிறீர்கள். வரவேண்டாம். அக்கா படுத்திருந்த அத்தனை நாளும் இந்த வீட்டுக் கதவு திறந்துதான் கிடந்தது.