பஸ்ஸில் பிடித்து வைத்த இடம்

ஜார்ஜ் டவுனில் ஒரு பழைய இரண்டு மாடி வீட்டில் கூட்டித் துடைக்கும் வேலைக்குப் போய்க்கொண்டிருந்தேன். வாசல் பலகையில் மலாய், சீனம், ஆங்கிலம், தமிழ் என்று நான்கு மொழியில் எழுதியிருந்தது: காலம், நினைவு, கனவு ஆய்வுக் கழகம். ஆறாம் வகுப்போடு நின்றவள் நான். முதல் நாள் அதை இரண்டு தரம் படித்துவிட்டு, தப்பான வீட்டுக்கு வந்துவிட்டோமோ என்று நினைத்தேன்.

உள்ளே சுவரெல்லாம் கடிகாரங்கள். ஒன்றின் நேரம் இன்னொன்றோடு ஒத்துப்போகாது. துடைக்கலாம், முள்ளைத் திருப்பக் கூடாது என்று சொல்லியிருந்தார்கள். ஆட்கள் வந்து தாங்கள் கண்ட கனவைச் சொல்வார்கள். நம் தமிழ்ப் பெண் ஒருவர், பெரிய படிப்புப் படித்தவர், எதிரே உட்கார்ந்து எழுதிக்கொள்வார். ஆளுக்கொரு கோப்பு. சில கோப்புகளைச் சிவப்பு நாடா கட்டி மேல்தட்டில் வைத்திருந்தார்கள். ஏன் என்று நான் கேட்டதில்லை. தூசி தட்டுவதோடு சரி.

வீட்டில் சொன்னபோது என் வீட்டுக்காரர் சிரித்தார்.

"கனவுக்கு ஒரு ஆபீஸா? விட்டா நாளைக்கு கொறட்டைக்கும் ஒண்ணு தொறப்பாங்க லா."

"தொறந்தா மொத ஆளா ஒங்களத்தான் கூட்டிட்டுப் போவேன்" என்றேன். விளையாட்டாகச் சொன்னதுதான்.

அவருக்கு ஓர் அண்ணன் இருந்தார். அம்மா அப்பா போன பிறகு, நிபோங் திபால் தோட்டத்தில் இவரை வளர்த்தவர். பிற்பாடு இரண்டு பேருக்கும் புக்கிட் தெங்காவில் ஒரே தொழிற்சாலை, ஒரே ஷிப்ட். ஜெலுத்தோங்கில் எங்கள் அடுக்குமாடிக்கு ஒரு நிறுத்தம் முன்னால் அண்ணன் பஸ் ஏறுவார். ஏறியதும் பக்கத்து இருக்கையில் துண்டைப் போட்டுவிடுவார். இவர் ஏறியதும் அண்ணன் துண்டை எடுத்துத் தன் தோளில் போட்டுக்கொள்வார். வேலையை விடும் வரை அந்த இடத்தில் வேறு யாரும் உட்கார்ந்ததில்லை. அண்ணன் ஒன்று சொல்லி இவர் மறுத்ததாக எனக்கு நினைவில்லை.

அண்ணன் தவறி, முதல் வருடத் திவசம் முடிந்த பிறகு இவருக்கு ஒரு கனவு வர ஆரம்பித்தது. எங்கள் கட்டடத்துக்குக் கீழே அந்த பஸ் வந்து நிற்குமாம். சன்னலில் அண்ணன். "ஏறுடா தம்பி, எடம் புடிச்சு வச்சிருக்கேன்" என்பாராம்.

இறந்தவர்கள் கனவில் வந்து கூப்பிட்டால் போகக் கூடாது. எழுந்ததும் யாரிடமும் சொல்லாமல், குழாயைத் திறந்து ஓடுகிற தண்ணீரிடம் சொல்லிவிட வேண்டும். அது அடித்துக்கொண்டு போய்விடும். பிறகு அவர்களுக்குப் பிடித்ததைச் சமைத்து இலை போட வேண்டும். எல்லாம் எனக்குத் தெரியும். ஆனால் அத்தனை மாதம் அந்தக் கழகத்தில் வேலை பார்த்ததில், படித்தவர்கள் இருக்கும்போது குழாயிடம் சொல்வது எனக்கே வெட்கமாகப் போய்விட்டது. ஒரு வியாழக்கிழமை அவரைக் கையோடு கூட்டிப் போனேன். இது நான் செய்த தப்பு. வேறு யாரையும் குறை சொல்ல முடியாது.

இவர் கனவைச் சொல்லி முடித்ததும் அந்தப் பெண் எழுதுவதை நிறுத்திவிட்டு நிமிர்ந்தார்.

"ஒவ்வொரு தடவையும் ஏறாமலே முழிச்சிடுறீங்களா அண்ணே?"

"ஆமாம்மா. கால எடுத்து வைக்கிறதுக்குள்ள முழிப்பு வந்துடும்."

"அடுத்த தடவ ஏறிப் பாருங்க. எங்க போவுதுன்னு வந்து சொல்லுங்க. கனவுதானே, பயப்படாதீங்க லா."

இவர் தலையாட்டினார். அண்ணனுக்கு எப்படி ஆட்டுவாரோ அப்படி.

அடுத்த வாரம் ஒரு காலையில், "படியில ஒரு கால் வச்சிட்டேன்" என்றார். இரண்டு நாள் கழித்து, "ரெண்டு காலும் வச்சிட்டேன்." முகத்தில் ஒரு தெளிவு. அன்றைக்கு வாசலில் செருப்பை வெளிப்பக்கம் பார்க்கத் திருப்பி வைத்திருந்தார். நான் உள்பக்கமாகத் திருப்பினேன். திரும்பவும் மாற்றி வைத்துவிட்டார்.

மறுநாள் அந்தப் பெண்ணிடம் போய் நின்றேன். "மேடம், அவர ஏற வேணாம்னு நீங்களே சொல்லிடுங்க. நான் சொன்னா கேக்க மாட்டாரு."

"அவரே ஒத்துக்கிட்டதுதானே அக்கா. இவ்ளோ தூரம் வந்தவங்க ரொம்பக் கம்மி."

"இதுக்கு முன்ன ஏறுனவங்க இருக்காங்களா?"

"இருக்காங்க."

"என்ன சொன்னாங்க?"

அவர் மேல்தட்டைப் பார்த்தார். "அப்புறம் அவங்க இங்க வர்றதில்ல அக்கா."

வாளியை அப்படியே வைத்துவிட்டு வெளியே வந்தேன். அன்றைக்கு அமாவாசை. பாசாரில் வாழையிலையும் நெத்திலியும் வாங்கிக்கொண்டு வீட்டுக்கு வந்து தலைக்குத் தண்ணீர் ஊற்றினேன். முருகனுக்கு விளக்கேற்றிவிட்டு, அண்ணன் படத்துக்கு முன்னால் இலை போட்டேன். நெத்திலி சம்பல், மொச்சைக் குழம்பு, பால் ஊற்றாத கோப்பி. அமாவாசைக்குக் கவிச்சி ஆகாதுதான், ஆனால் அவருக்குப் பிடித்தது இதெல்லாம்தான். அலமாரியில் இவர் பத்திரமாக வைத்திருந்த அந்தத் துண்டையும் எடுத்து இலைக்குப் பக்கத்தில் வைத்தேன். அண்ணனை நான் மாமா என்றுதான் கூப்பிடுவேன்.

"மாமா, அவர விட்டுடுங்க. எடம் காலியா இருக்குன்னுதானே கூப்பிடுறீங்க. ஆள் வேணும்னா என்னக் கூப்பிடுங்க."

கடைசி வார்த்தையை நான் யோசித்துச் சொல்லவில்லை. அதுவாக வந்துவிட்டது. ஒரு பிடி சோற்றை வீட்டு வாசலுக்கு எதிரே நடைபாதைக் கைப்பிடிச் சுவரில் வைத்தேன். எப்போதும் காக்கையை அரை மணி நேரம் கூப்பிட வேண்டும். அன்றைக்கு நான் வாயைத் திறப்பதற்குள் வந்து நின்றது.

மூன்று நாள் அவருக்குக் கனவே இல்லை. நான்காம் நாள் காலையில் சிரித்துக்கொண்டே சமையலறைக்கு வந்தார்.

"நேத்து பஸ்ல ஏறிட்டேன்டி."

நான் தோசைக் கரண்டியைக் கீழே வைத்தேன்.

"உள்ள போனா எடமே இல்ல. அண்ணே பக்கத்துல ஆள் உக்காந்திருக்கு. 'எறங்குடா தம்பி, பஸ் நெறஞ்சிருச்சு'ன்னு அண்ணனே சொல்லிட்டாரு. எறங்கிட்டேன். அவ்ளோதான், இனிமே வராது பாரு."

"யாரு உக்காந்திருந்தா?"

"யாரோ பொம்பள. சன்னல் பக்கமா திரும்பி இருந்துச்சு, மூஞ்சி தெரியல. மடியில அண்ணனோட துண்டு." கோப்பியை ஊதிக் குடித்தார். "பசிக்குது. இன்னும் ரெண்டு ஊத்து."

இரண்டு ஊற்றி அவர் தட்டில் போட்டேன். வாசலில் அவர் செருப்பு உள்பக்கம் பார்த்துக் கிடந்தது. முருகா, இது போதும் என்று மனசுக்குள் கும்பிட்டேன்.

பிறகு அவருக்கு முதுகைக் காட்டிக்கொண்டு குழாயைத் திறந்தேன். கனவு கண்டது அவர். நான் சொன்னால் தண்ணீர் எடுத்துக்கொள்ளுமா என்று தெரியவில்லை. அவர் காதில் விழாமல், முதலிலிருந்து சொல்ல ஆரம்பித்தேன்.