மூடுபனியில் வீசிய கடைசிப் பந்து

ஹட்டன் பஸ் கண்டக்டர்தான் பொகவந்தலாவைக் கடைவீதியில் என்னை நிறுத்தி, ராமையா ஆஸ்பத்திரியிலேயே போய்விட்டான் என்றார். நெஞ்சுச் சளி முற்றிவிட்டதாம். கேட்டதும் துக்கத்துக்கு முன்னால் பயம்தான் வந்தது. அது ஏன் என்று அவனை அறிந்த உங்களிடம் சொல்லிவிட வேண்டும். இத்தனை நாள் சொல்லாமல் இருந்ததே என்னை அரித்துக்கொண்டிருக்கிறது.

நம் தோட்டத்துக் கிரிக்கெட் அணியில் ராமையா ஆடியது இரண்டே பருவம். தேயிலைச் செடிகளைக் கத்தியால் கவ்வாத்து வெட்டி இறுகிய மணிக்கட்டு அவனுக்கு. மற்றவர்கள் வீசிக் களைத்த பிறகு, கடைசி அரைமணி நேரத்துக்கு மட்டும் தோட்டத்தை நடத்தும் துரை அவனை இறக்குவார். அதற்காகவே அவனை மலை வேலையிலிருந்து எடுத்து, தொழிற்சாலை ஸ்டோரில் தேயிலை காயும் அடுப்புப் பக்கம் வேலை கொடுத்திருந்தார். ராமையாவுக்குச் சின்ன வயதிலிருந்தே நெஞ்சு பலவீனம். மழையில் நனையாத அந்த வேலைதான் அவனைக் காப்பாற்றி வைத்திருந்தது.

நாலு மணிக்கு மேல் பனி இறங்கிவிடும். விக்கெட்டுக்குப் பின்னால் நிற்பவன் நான். ஒவ்வொரு பந்துக்கும் முன்னால், "பந்து தெரியுதா மச்சான்?" என்று கேட்பான். மட்டை பிடிப்பவன் தோல்விக்குப் பயந்து தெரியவில்லை என்பான் என்பதால், நடுவரும் என் சொல்லைத்தான் எடுத்துக்கொள்வார். நான் தெரியவில்லை என்றால் ஆட்டம் நின்றுவிடும். "கண்ணு தெரியாதவன அடிச்சு ஜெயிச்சா, அது ஜெயிச்சதே இல்ல" என்பான் ராமையா.

பூண்டுலோயாப் பக்கத்துத் தோட்டத்தோடு ஓர் ஆட்டம். ஜெயிக்காவிட்டால் திங்கட்கிழமை முதல் பழையபடி கவ்வாத்துக்குப் போ என்று ராமையாவிடம் துரை சொல்லிவிட்டார். எதிரணிக்கு ஒரு விக்கெட்தான் மிச்சம். பனி கவிந்து, ராமையாவின் கைகூட எனக்குச் சரியாகத் தெரியவில்லை. வழக்கம்போலக் கேட்டான். மலையில் வேலை செய்த காலத்தில் அவன் இருமிய இருமல்தான் ஞாபகத்துக்கு வந்தது.

"தெரியுது" என்றேன்.

பந்து மட்டைக்காரரின் கண்ணில் பட்டது. அவரால் எழுந்து ஆட முடியவில்லை, நாங்கள் ஜெயித்தோம். துரை கைதட்டினார். அடிபட்டவருக்கு அந்தக் கண்ணில் பார்வை திரும்பவே இல்லை.

திங்கட்கிழமை காலை வேலைக்கு ஆள் பிரிக்கும் பெரட்டில், யாரும் சொல்லாமலேயே ராமையா கவ்வாத்துக் கத்தியோடு வந்து நின்றான். துரை கூப்பிட்டும் ஸ்டோருக்குப் போகவில்லை. அதன் பிறகு பந்தைத் தொடவும் இல்லை. நான் காலில் விழாத குறையாகக் கெஞ்சினேன்.

"நீ எனக்காகத்தானே பொய் சொன்ன. அந்த அடுப்புல நான் எப்படிக் குளிர் காயிறது?" என்றான்.

அதற்கப்புறமும் என்னோடு சாதாரணமாகவே பழகினான். அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை. ஒவ்வொரு மழைக்கும் என் லயத்து வீட்டு வாசலில் நின்று, அவன் மலையிலிருந்து திரும்பி வருகிறானா என்று பார்த்துக்கொண்டிருப்பேன்.

யார் எதைக் கேட்டாலும் பதில் சொல்லுமுன் என் நாக்கு கொஞ்சம் தயங்குகிறது. ராமையாவிடமிருந்து எனக்கென்று மிஞ்சியது அதுதான். காரியம் முடிந்த அன்று அவன் மனைவி செல்லம்மா என்னிடம் வந்து, "அண்ணே, அவரு ஸ்டோர்லயே இருந்திருந்தா பொழச்சிருப்பாருங்களா?" என்று கேட்டாள். அவள் மனம் ஆறட்டும் என்று இல்லை என்று சொல்லத்தான் வாயெடுத்தேன்.

"பொழச்சிருப்பான்மா" என்றேன்.