பித்தளை பாலிஷின் ருசி

மாசியில் எங்கள் வீட்டுக் குசினியில் மனைவி குத்துவிளக்குக்குப் பித்தளை பாலிஷ் போட்டால், நான் பின்வளவுக்குப் போய்விடுவேன். நேற்றும் போனேன். "வட்ஸ் றோங், அப்பா?" என்று மகள் பின்னாலேயே வந்தாள். மணம் பிடிக்காது என்று சமாளித்தேன். எனக்கு அதன் ருசியே தெரியும். பாலிஷைத் தின்றவன் இந்த ஊரில் நான் ஒருவனாகத்தான் இருப்பேன்.

ஒக்லாந்துக்கு வந்த புதிதில், துறைமுகத்தைப் பார்த்தபடி நின்ற ஒரு சின்ன அருங்காட்சியகத்தில் துப்புரவு வேலை. அங்கே விக்டோரியா ராணி காலத்துப் போர்க்கப்பல் ஒன்றுக்குத் தனி அறை. குரூசர் என்பார்கள். கப்பல் எப்போதோ பழைய இரும்பாகப் போய்விட்டது. மிஞ்சியது கண்ணாடிப் பெட்டிக்குள் அதன் மாதிரி, ஒரு மணி, சுட்டபின் எஞ்சிய பித்தளைக் குண்டுக் கோது, வெறும் உறை. மாதிரிக் கப்பல் வெள்ளை உடம்பும் மஞ்சள் புகைபோக்கிகளுமாக அப்படி ஒரு அழகு. கோதை மினுக்குவது என் பொறுப்பு.

சுவரில் அதன் சேவை வரலாறு. எங்கே கட்டினார்கள், எந்தக் கடல்களைச் சுற்றியது, அடிப்புறத்துப் பாசி சுரண்ட எப்போதெல்லாம் ஒக்லாந்துக்கு வந்தது. நடுவில் ஒரு வரி: தீவொன்றில் அடங்காத கிராமத்தின் மீது குண்டு பொழிந்தது, உயிரிழப்பு இல்லை. எவ்வளவு நல்ல குண்டு என்று நினைத்துக்கொள்வேன்.

ஒருநாள் கோதைத் துடைத்துக்கொண்டிருந்தபோது கடற்படைத் தளத்தில் மரியாதை வேட்டு வெடித்தது. அடுத்த கணம் நான் தரையில், வாய்க்குள் பாலிஷ் துணி. கூட வேலை செய்த மலேசியாக்காரர் ராஜன் அண்ணன் ஓடிவந்தார்.

"டேய் தம்பி, என்னாடா இது, துணிய திங்கிற?"

சிரிக்காதீர்கள். சண்டைக் காலத்தில் எங்கள் ஊர்க் கரையில் எல்லோர் கழுத்திலும் ஒரு செருப்பு ரப்பர்த் துண்டு நூலில் தொங்கும். கடலில் நேவியின் பீரங்கிப் படகு தெரிந்ததும் அதைக் கடித்துக்கொண்டு பங்கர்க் குழிக்குள் விழவேண்டும். பீரங்கி செல் வெடிக்கையில் வாய் மூடியிருந்தால் காது கிழிந்துவிடும் என்பார்கள்.

ஒருநாள் அப்படித்தான் கடித்துக்கொண்டு ஓடினோம். என் கூடப்பிறந்த வசந்தி அக்கா மட்டும் பாதியில் குசினி அடுப்புக்குத் திரும்பினாள். "உலையை இறக்கிப்போட்டு வாறன், நீ போ." அரிசி கிடைப்பதே பெரும்பாடான காலம். முதல் செல் கடலோரம் விழுந்து மண்ணை வாரி எங்கள்மேல் கொட்டியது. இரண்டாவது குசினியில். வெளியே வந்தபோது முருங்கை மரத்தில் சோறு ஒட்டியிருந்தது. சோறு மட்டுமல்ல. அப்பா ஒரு சாக்கை எடுத்துக்கொண்டு முற்றம் முழுக்கக் குனிந்து குனிந்து நடந்தார். நான் ரப்பரை வாயிலிருந்து எடுக்கவே இல்லை, எடுத்தால் கத்திவிடுவேன் என்று பயம். பின்னேரம் வானொலி சொன்னது: கடற்படை இலக்கைத் தாக்கித் திரும்பியது, இழப்பு எதுவும் இல்லை.

இதையெல்லாம் ராஜன் அண்ணனிடம் சொல்லிச் சுவரைக் காட்டினேன். "இதுவும் அதே கதைதான் அண்ணை. கப்பலிலை ஒருத்தரும் சாகேல்லை."

"அப்ப கரையில?"

"கரையிலை ஆர் எண்ணினது?"

அவருக்கு முகம் சிவந்துவிட்டது. "வா லா, கேப்போம்" என்று பொறுப்பாளர் அம்மாவிடம் என்னை இழுத்துப்போனார். அங்கே நான் கத்தினேன். வேலை போனாலும் போகட்டும், அந்த 'இல்லை' சுவரில் இருக்கக் கூடாது என்றேன். அந்த அம்மா பழைய குறிப்புகளைத் தேடிப் பார்த்தார். செத்தவர்களைப் பற்றி ஒன்றும் கிடைக்கவில்லை. ஆனாலும் நல்ல மனிசி. மறுவாரம் வரியின் கடைசிச் சொற்களின்மேல் வெள்ளைத் தாள் ஒட்டியிருந்தது. அதில் எழுத யாரிடமும் எதுவும் இருக்கவில்லை.

இப்போது அந்த அறை காப்பிக்கடை. கப்பலும் கோதும் வெள்ளைத் தாளும் எங்கே போயினவோ. ராஜன் அண்ணன் பிள்ளைகளோடு பேர்த்துக்குப் போய்விட்டார். ஊரில் எங்கள் வீட்டு வளவில் நேவி முகாம் இருக்கிறதாம், முருங்கை இல்லையாம்.

நேற்று மகள் விடவில்லை. சொன்னேன். "உனக்கு ஒரு மாமி இருந்தவ. என்ரை அக்கா, வசந்தி. உலை இறக்கப் போனவ."

கடைசிவரை கேட்டாள். பிறகு, "டூ வீ ஹாவ் எ போட்டோ?" என்றாள்.

"இல்லையம்மா" என்றேன். "அந்தக் குசினிச் சுவரிலை இருந்தது."