இறால் குளத்தில் ஒரு கொரோலா

என் மூத்த சகோதரியை, ராத்தாவை, கட்டிய மச்சானுக்குப் பிள்ளைகள் மூன்று, கார் ஒன்று. பிள்ளைகளின் பிறந்த நாளைக் கேட்டால் ராத்தாவின் முகத்தைப் பார்ப்பார். காரைப் பற்றிக் கேட்டால் பொனட்டைத் திறப்பார். கேட்காவிட்டாலும் திறப்பார்.

"நாலு சிலிண்டர், பதினாறு வால்வு, ரெண்டு கேம் தண்டு" என்று தொடங்குவார். காற்றை உள்ளே விடும் வால்வுகளுக்கு ஒரு தண்டு, புகையை வெளியே தள்ளும் வால்வுகளுக்கு மற்றது. தன் வெள்ளைக் கொரோலாவில் இருக்கும் எஞ்சினின் உடன்பிறப்புகள் கரினா காரில் எது, ஸ்பிரின்டர் காரில் எது என்று, கலியாணம் பேச வந்தவர் சொந்தம் விசாரிப்பதுபோல விளக்குவார்.

"ரெண்டு தண்டு இருந்தும் சந்தைக்குப் போக எனக்கு பஸ்தானே" என்பாள் ராத்தா. உண்மைதான். காரில் மீன் மணம் ஏறிவிடுமாம்.

முந்தலில் என் இறால் பண்ணைக்கு வந்தாலும் காரைத் தென்னந்தோட்டத்திலேயே விட்டுவிட்டு நடந்துதான் வருவார். உப்புக்காற்று இரும்பைத் தின்னுமாம். நான் சிரிக்காத நாளில்லை.

ஒரு வெள்ளிக்கிழமை காலை, வானம் மூடிக் கிடந்தது. குளத்து வரம்பில் நின்று துடுப்புச் சில்லுகளைச் சுழற்றும் டீசல் எஞ்சின் முக்கி முனகி நின்றுவிட்டது. அந்தச் சில்லுகள் தண்ணீரை அடித்துக் காற்றைக் கலக்காவிட்டால் இறால் மூச்சுமுட்டிச் சாகும். பிடிக்க இன்னும் பத்து நாள்தான். போன முறை நோய் வந்து குளம் முழுவதும் போயிருந்தது. இதுவும் போனால் பண்ணையை மூடுவதைத் தவிர எனக்கு வழியில்லை. இறால்கள் கரையோரம் மேலே வந்து மீசையை நீட்டத் தொடங்கின. மெக்கானிக் சிலாபத்திலிருந்து வர வேண்டும். எனக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை.

சும்மா பார்க்க வந்திருந்த மச்சான், வலைக்குப் பாரமாகக் கிடந்த பழைய ரிம் ஒன்றைக் காலால் புரட்டினார்.

"இது கரினாட ரிம். நாலு நட்டு. நம்மடதுக்கும் சரி வரும்."

"எதுக்கு மச்சான்?"

அவர் தென்னந்தோட்டத்துப் பக்கம் நடந்தார்.

காரை வரம்புக்குக் கொண்டுவந்து முன்பக்கம் ஒரு புறத்தை ஜாக்கில் தூக்கினோம். சில்லைக் கழற்றி, டயர் இல்லாத அந்த ரிம்மைப் பூட்டி, அதில் துடுப்புகளைச் சுழற்றும் பெல்ட்டை மாட்டினோம். மச்சான் காரை ஸ்டார்ட் செய்து கியர் போட, இரண்டு தரம் பெல்ட் கழன்று போனது. மூன்றாம் தரம் துடுப்புகள் சுற்றின. சேறும் உப்புத் தண்ணீரும் வெள்ளைக் கார்மேல் தெறித்தன. நான் ஓடிப்போய் ஒரு துணியை எடுத்தேன்.

"அத வை. இறாலப் பாரு" என்றார்.

மெக்கானிக் வரும்வரை மூன்று மணி நேரம் கார் எஞ்சின் ஓடியது. அத்தனை நேரமும் மச்சான் காருக்கு முதுகைக் காட்டிக்கொண்டு குளத்தையே பார்த்து நின்றார். இருபது வருடத்தில் அவரை நான் அப்படிக் கண்டதில்லை. இறால்கள் கொஞ்சம் கொஞ்சமாக அடிக்கு இறங்கின. ஜும்ஆத் தொழுகைக்கு இரண்டு பேரும் பிந்தித்தான் போனோம்.

இறால் பிடித்த அன்று, பெரியதாகப் பார்த்து ஒரு பை கட்டிக் கொடுத்தேன். மச்சான் பஸ்ஸில் வந்திருந்தார்.

"கார் எங்க?"

"இறால் மணம் ஏறினாப் போகாது."

வேறு நாளாக இருந்தால் ஒரு வாரத்துக்குச் சொல்லிச் சிரித்திருப்பேன். அன்று பையைத் தூக்கிக்கொண்டு பஸ் நிறுத்தம்வரை கூடப் போனேன். பஸ் வந்ததும் அவருக்கு முன்னால் ஏறி, ஜன்னலோரம் இடம் பிடித்துக் கொடுத்தேன்.