ரோசம்மாளின் நானூறு டப்பா

ஆரம்பாக்கம் ரோசம்மாள் கும்மிடிப்பூண்டியில் ஒரு போல்ட் கம்பெனியில் பேக்கிங் வேலை பார்க்கிறாள். ஷிப்டுக்கு நானூறு டப்பா டார்கெட். அவள் கைக்கு அது இரண்டு மணிக்கே முடிந்துவிடும். மிச்ச நேரத்தில் பக்கத்து ஈஸ்வரியின் டப்பாவையும் கட்டிக் கொடுப்பாள். இது சூப்பர்வைசர் சரவணகுமாருக்குத் தெரிந்தால் தொலைந்தது, லைனுக்கே ஐந்நூறாக்கிவிடுவான். முந்நூறு நானூறானது அப்படித்தான். ஒரு ஆள் வந்து, வாயே திறக்காமல் நின்று பார்த்துவிட்டுப் போனான். மறுமாதமே ஏற்றிவிட்டார்கள்.

அதனால் திருவள்ளூர் சுகிர்தா கேமராவோடு வந்து, "டாக்குமெண்டரி எடுக்கறேங்க்கா. நான் எதுவும் கேக்க மாட்டேன், எதுலயும் தலையிட மாட்டேன். நீங்க எப்பவும் போல இருங்க, சும்மா பாத்துனு இருப்பேன்" என்றதும் ரோசம்மாள் உஷாராகிவிட்டாள். அடிப்பாவி, டார்கெட்டை ஏற்றிவிட்டவனும் இதைத்தானே செய்தான்!

அன்றிலிருந்து ஒவ்வொரு போல்ட்டையும் பச்சைக்குழந்தையைத் தொட்டிலில் போடுவதுபோல் எடுத்து வைத்தாள். நானூறாவது டப்பா ஷிப்டு முடியும் சைரனோடுதான் முடிந்தது. கேமரா வீட்டுக்கும் வந்தது. அங்கே மட்டும் விடுவாளா? ஒரு வெங்காயம் நறுக்கப் பத்து நிமிஷம்.

"இன்னாடி, இன்னிக்கு சோறு உண்டா இல்லியா?" என்று கத்தினான் புருஷன் அந்தோணி.

"சும்மா இருய்யா, பாத்துகினு கீறாங்க" என்று பல்லைக் கடித்தாள்.

நாலாம் நாள் சாப்பாட்டு வேளையில், எடுத்ததைச் சுகிர்தா போட்டுக் காட்டினாள்.

"அய்யோ கர்த்தரே, யாரு இந்த சோம்பேறி?" ரோசம்மாளுக்கு மானமே போய்விட்டது. "யம்மா, நெஜத்த சொல்லு. நீ டார்கெட்ட ஏத்த வந்தவளா?"

"சத்தியமா இல்லக்கா. உங்க வாழ்க்கைய எடுக்க வந்தேன்."

"இதுவா என் வாழ்க்கை? தூக்கு கேமராவ!"

அப்புறம் பாருங்கள் கூத்தை! ஒரே மணி நேரத்தில் தொண்ணூறு டப்பா. லைனே கைதட்டியது. சத்தம் கேட்டுச் சரவணகுமார் வந்துவிட்டான். ஈஸ்வரி பாதி டப்பாவைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள்.

"இன்னா கும்மாளம்? அந்த வீடியோவ காட்டும்மா."

ரோசம்மாளுக்கு உயிரே போய்வந்தது. எதிலும் தலையிடாத சுகிர்தா அவள் முகத்தைப் பார்த்தாள்.

"பேட்டரி போய்டுச்சு சார். ஒண்ணும் பதிவாகல."

அவன் போனதும், நாலு நாளில் கிடைத்த ஒரே நல்ல காட்சியை அங்கேயே அழித்தாள்.

படத்தைக் கம்பெனி கேண்டீனில் போட்டார்கள். வெங்காயம் வந்ததும் எல்லோரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள்.

"இவ்ளோ மந்தமா நீ?" என்றான் பக்கத்தில் இருந்த சரவணகுமார். "நானூறுக்கே மூச்சு வாங்குதே, பாவம்."

ரோசம்மாளுக்குத் தொண்டைவரை கோபம் வந்தது. விழுங்கிக்கொண்டாள்.

"ஆமா சார். முந்நூத்தம்பதா கொறச்சீங்கன்னா புண்ணியமா போவும்."