வாய் திறக்காத ஊர்வலம்

அப்பாவின் தங்கையை சிலோனில் ஒரு தேயிலைத் தோட்டத்துக் கணக்கப்பிள்ளைக்குக் கட்டிக்கொடுத்திருந்தார்கள். நான் பிறப்பதற்கு முன்பே நடந்த கல்யாணம். ஆகவே அத்தை என்பவள் எனக்கு வெகுகாலம் வரை ஒரு தேயிலைப் பொட்டலமாகவே இருந்தாள். அக்கரையிலிருந்து யாராவது வரும்போது கொண்டுவந்து கொடுப்பார்கள். அம்மா அதை அடுக்களையின் மேல்தட்டில் வைத்து, விருந்தாளி வந்தால் மட்டும் இறக்குவாள்.

நான் நாலாம் வகுப்பில் இருந்தபோது அத்தையே வந்துவிட்டாள். எழும்பூரில் ராமேஸ்வரம் ரயிலிலிருந்து இறங்கியவளிடம் ஒரு தகரப்பெட்டியும் ஒரு கம்பளியும் இருந்தன. மே மாத வெயிலில், அந்தக் கம்பளியை மடியில் வைத்துக்கொண்டே ராஜா அண்ணாமலைபுரம் வரை டாக்ஸியில் வந்தாள். டிரைவர் கண்ணாடியில் அவளைப் பார்த்துக்கொண்டே வந்தது எனக்கு வெட்கமாக இருந்தது.

மாமா ஏன் வரவில்லை என்று கேட்டதற்கு வீட்டில் ஆளுக்கொன்று சொன்னார்கள். எல்லாவற்றையும் சேர்த்து எனக்குப் புரிந்தது இவ்வளவுதான். அங்கே குடியுரிமைக்கென்று ஒரு சட்டம் இருந்தது. அந்த மண்ணில் பிறந்தால் மட்டும் போதாது. தன்னைப் பெற்ற அப்பாவும் அங்கேதான் பிறந்தார் என்று சான்று காட்ட வேண்டும். மாமாவின் தாத்தா அந்த மலையில் காடழித்துத் தேயிலை நட்டவர். அவர் பிள்ளை பிறந்தது லயம் என்கிற கூலிக்காரர்களின் வரிசைக் குடியிருப்பில். லயத்தில் பிறந்த பிள்ளைக்குச் சான்று எழுதி வைக்க யாருக்குத் தோன்றியிருக்கும்? அப்புறம் இரண்டு அரசாங்கங்களும் உட்கார்ந்து பேசி, இந்த ஜனங்களில் இவ்வளவு பேர் உனக்கு, இவ்வளவு பேர் எனக்கு என்று பங்கு போட்டுக்கொண்டன. மாமா அந்த நாட்டுக்காரராகவே இருக்க மனுப்போட்டுவிட்டுக் காத்திருந்தார். அத்தை பிறந்தது திருநெல்வேலிப் பக்கம். அங்கே தங்கியிருக்கக் கொடுத்த அனுமதி முடிந்ததும் அவளை மட்டும் கிளம்பச் சொல்லிவிட்டார்கள்.

அப்பாவுக்கு இதில் பெரிய வருத்தம் இருந்ததாகத் தெரியவில்லை. ரங்கநாதன் தெருவில் அவருடைய துணிக்கடை அப்போதுதான் சூடுபிடித்திருந்தது. தங்கச்சி பிறந்த வீட்டுக்கு வந்துவிட்டாள், மாப்பிள்ளையும் நாளைக்கு வந்துவிட்டால் கடையில் ஒரு பக்கத்தைப் பார்த்துக்கொள்வார் என்று வருகிறவர்களிடமெல்லாம் சொன்னார்.

அத்தை ‘பேசினேன்’ என்று சொல்ல மாட்டாள், ‘கதைத்தேன்’ என்பாள். நானும் அண்ணனும் அதைச் சொல்லிக்காட்டிச் சிரிப்போம். அவளும் சிரிப்பாள். மத்தியானங்களில் குளியலறையில் போய் நின்று பாதங்களில் தண்ணீரை ஊற்றிக்கொண்டே இருப்பாள். அந்த ஊர் எப்படி இருக்கும் என்று கேட்டால், கதவைத் திறந்தால் மேகம் வீட்டுக்குள் வந்துவிடும், துவைத்த துணி வாரக்கணக்கில் காயாது, தீப்பெட்டியை அடுப்புப் பக்கம் வைக்காவிட்டால் பற்றாது என்பாள். அதையெல்லாம் நான் புகார்கள் என்றே எடுத்துக்கொண்டேன். பாவம், இப்படிப்பட்ட ஊரில் மாமா மட்டும் மாட்டிக்கொண்டாரே என்று நினைத்துக்கொள்வேன்.

எங்கள் தெருவுக்குக் கீரை கொண்டுவரும் பெண் ஒருத்தி இருந்தாள். அடையாற்றங்கரைக் குடிசைகளில் இருந்தவள். ஒருநாள் பேச்சுவாக்கில் அத்தை வாயில் ‘கதைக்க’ வந்துவிட, அவள் கூடையை அப்படியே இறக்கிவைத்து, “நீங்க எந்தத் தோட்டம்?” என்று கேட்டாள். அத்தை இருந்த மலைக்கு அடுத்த மலையிலிருந்து வந்தவள் அவள். அவளுடைய மூத்த மகன் இன்னும் அங்கே இருந்தான். அன்றிலிருந்து எங்கள் வீட்டில் தினமும் கீரைதான்.

அவள்தான் ஊர்வலச் செய்தியைக் கொண்டுவந்தாள். குடும்பத்தை இரண்டாகப் பிய்த்த சட்டத்தை எதிர்த்து, அங்கிருந்து வந்தவர்கள் எல்லோரும் மந்தைவெளியில் கூடி, கடற்கரை வரைக்கும் நடப்பது. கோஷம் கிடையாது. எல்லோரும் வாயில் வெள்ளைத் துணி கட்டிக்கொள்ள வேண்டும். பொழுது சாயும் வரை மணலில் உட்கார்ந்திருந்துவிட்டு எழுந்து வர வேண்டும்.

“கத்த வேணாமா?” என்று நான் கேட்டேன்.

“கத்துனா போலீசு அடிக்கும் பாப்பா. அதோட, இம்புட்டு நாளு கத்துனது யாரு காதுல விழுந்துச்சு?” என்றாள் அவள்.

அன்று ராத்திரிச் சாப்பாட்டின்போது அத்தை அப்பாவிடம் கேட்டாள். அப்பா சோற்றைப் பிசைவதை நிறுத்திவிட்டார்.

“ஏளா, உனக்குக் கிறுக்கா பிடிச்சிருக்கு? போலீசு பேரு எழுதிட்டுப் போனா அங்க அவரு மனுவுக்குல்லா கேடு? பொறுமையா இரி. நான் பாத்து அவர இங்க வரவைக்கேன்.”

அத்தை தன் தட்டை எடுத்துக்கொண்டு எழுந்துவிட்டாள். ஆனால் ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், அப்பா கடைக்குப் போன பிறகு, நல்ல சேலை ஒன்றைக் கட்டிக்கொண்டு நின்றாள். அம்மா அலமாரியைத் திறந்தாள். அப்பாவின் பழைய வேட்டியில் இரண்டு கீற்றுக் கிழித்து அத்தை கையில் கொடுத்தாள். என்னைக் கூப்பிட்டுத் தலைவாரி, “அத்தை கூடப் போயிட்டு வா. கைய விட்றாத” என்றாள். அத்தை தொலைந்துவிடாமல் பார்த்துக்கொள்ளும் பொறுப்பு எனக்கு வந்துவிட்டது என்று பெருமையாக இருந்தது.

மந்தைவெளியில் அவ்வளவு ஜனம் இருக்கும் என்று நான் நினைக்கவில்லை. கைக்குழந்தைக்காரிகள், குடை வைத்திருந்த கிழவர்கள், அக்கரையிலிருந்து வந்தவர்களைத் தங்கவைத்திருந்த முகாம்களிலிருந்து முதல் நாளே வந்து சேர்ந்தவர்கள். இதில் சம்பந்தமே இல்லாத காலேஜ் பையன்களும் ஒரு வரிசையாக நின்றார்கள். அத்தை குனிந்து என் வாயில் துணியைக் கட்டினாள். அப்பாவின் வேட்டியில் கஞ்சி வாசனை அடித்தது.

நடந்தோம். கூட்டம் என்றால் சத்தம் என்றே அதுவரை எனக்குத் தெரியும். தேரோட்டமானாலும் தேர்தலானாலும் அப்படித்தான். அன்று கேட்டது செருப்புச் சத்தம் மட்டும். அது முன்னாலும் பின்னாலும் கேட்டுக்கொண்டே வந்தது. கடைக்காரர்கள் வியாபாரத்தை நிறுத்திவிட்டுப் பார்த்தார்கள். ஒரு வீட்டு வாசலில் மடிசார் கட்டிய மாமி ஒருத்தி குடத்தோடு நின்றுகொண்டு, “குழந்தை வாடிப் போயிடுத்தே, தண்ணி குடிச்சுட்டுப் போங்கோ” என்றாள். துணியை அவிழ்க்கலாமா என்று நான் அத்தையைப் பார்த்தேன். அவளே அவிழ்த்து, குடிக்கவைத்து, மறுபடியும் கட்டிவிட்டாள். மாமி, “இவாளுக்கெல்லாம் என்ன ஆச்சு?” என்று கேட்டுக்கொண்டே இருந்தாள். பதில் சொல்ல யாருக்கும் வாய் இல்லை.

பட்டினப்பாக்கத்தில் மணலில் உட்கார்ந்தோம். எல்லோரும் கடலைப் பார்த்து உட்கார்ந்தார்கள். சிலோன் நேர் எதிரே இல்லை, தெற்கே வெகுதூரம் தள்ளி இருக்கிறது என்று எங்கள் பூகோளப் புத்தகம் இன்னும் சொல்லியிருக்கவில்லை. கடலுக்கு அந்தப் பக்கம் என்றால் இந்தக் கடலுக்கு அந்தப் பக்கம்தான் என்று நான் பார்த்துக்கொண்டே இருந்தேன். போலீஸ்காரர்கள் கொஞ்ச நேரம் விறைப்பாக நின்றார்கள். அப்புறம் அவர்களில் வயதான ஒருவர் தொப்பியைக் கழற்றி வைத்துவிட்டு, கவிழ்த்துப் போட்டிருந்த ஒரு படகின்மேல் உட்கார்ந்துகொண்டார்.

வெயில் மஞ்சளாகும் நேரத்தில், அலைகளுக்கு அப்பால் ஒரு கட்டுமரம் தெரிந்தது. அதில் ஒருவர் நெஞ்சை நிமிர்த்தி நின்றுகொண்டிருந்தார். மாமாவை நான் கல்யாணப் படத்தில்தான் பார்த்திருக்கிறேன். அந்தப் படத்திலும் அவர் அப்படித்தான் நின்றார். இத்தனை பேர் வந்து உட்கார்ந்திருப்பது அக்கரைக்குத் தெரிந்திருக்க வேண்டும், அனுப்பிவிட்டார்கள். எனக்குச் சந்தேகமே வரவில்லை. துணியைக் கீழே இழுத்துவிட்டு எழுந்து நின்று கத்தினேன்.

“அத்தே! மாமா வந்துட்டாரு!”

அந்த அமைதியில் என் குரல் கடற்கரை முழுக்கக் கேட்டது. வரிசை வரிசையாகத் தலைகள் நிமிர்ந்தன. அங்கங்கே சிலர் எழுந்தே விட்டார்கள். கீரைக்காரப் பெண் கண்ணுக்குமேல் கையை வைத்துக்கொண்டு பார்த்தாள். அத்தையும் எழுந்தாள். என் தோளை அவள் பிடித்த பிடி வலித்தது. துணிக்குமேல் அவள் கண்கள்தான் தெரிந்தன. தெருவில் வண்டிக்குக் குறுக்கே நான் ஓடியபோது அம்மாவின் கண்கள் ஒருமுறை அப்படி இருந்தன.

கட்டுமரம் அலையில் ஏறி இறங்கி மணலைத் தொட்டது. நின்றிருந்தவர் குதித்து இறங்கினார். கோவணமும் தலைத்துண்டுமாக இருந்த மீனவர். தன்னையே பார்த்துக்கொண்டிருந்த ஜனக்கடலைப் பார்த்து அவர் திகைத்துப்போனார்.

“இன்னாடா இது, ஊரே நம்மள பாத்துகினு கீது? நைனா, மீனே மாட்லபா இன்னிக்கி! எல்லாம் எய்ந்து போங்க!”

துணி கட்டிய வாய்களால் சிரிக்க முடியவில்லை. தோள்கள் மட்டும் குலுங்கின. பிறகு அந்தக் குலுக்கலிலேயே சிலர் முகத்தை முழங்காலில் புதைத்துக்கொண்டார்கள். ஒருவரும் துணியை அவிழ்க்கவில்லை. என்னை யாரும் திட்டவும் இல்லை.

அத்தை மெல்ல உட்கார்ந்தாள். துணி உப்பி அடங்கும்படி ஒரு பெருமூச்சு விட்டாள். என்னை இழுத்து மடியில் வைத்துக்கொண்டாள். அவள் நெஞ்சு அடித்துக்கொள்வது என் முதுகில் தெரிந்தது. ஏமாந்துபோய்விட்டாள் என்று எனக்குத் துக்கமாக இருந்தது. அவள் காதில், “நாளைக்கு வந்துருவாரு அத்தே” என்றேன். அவள் வேகமாகத் தலையை ஆட்டினாள், வேண்டாம் என்பதுபோல.

இருட்டுவதற்கு முன் எல்லோரும் எழுந்தார்கள். துணியை அவிழ்த்த பிறகும் பெரிதாக ஒன்றும் பேசவில்லை. பஸ் எங்கே நிற்கும் என்று கேட்டுக்கொண்டார்கள். கீரைக்காரப் பெண் அத்தையின் கையைப் பிடித்துக்கொண்டு கொஞ்ச தூரம் நடந்துவிட்டுப் பிரிந்துபோனாள்.

வீட்டில் அப்பா வாசலிலேயே நின்றுகொண்டிருந்தார். கடைக்கு வந்த யாரோ சொல்லிவிட்டார்கள். கோபம் இருந்தாலும் அவர் குரல் உயரவில்லை.

“ஏளா, அவரு இங்க வரணும்னுதான நானும் பாடுபடுதேன். அதுக்குள்ள என்ன அவசரம்?”

“அவரு இங்க வரணும்னு நான் போகல அண்ணாச்சி” என்றாள் அத்தை. செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே போனாள். அவள் பாதங்களில் தண்ணீர் விழும் சத்தம் கேட்டது. அப்பா அம்மாவைப் பார்த்தார். அம்மா எனக்குத் தட்டு வைத்தாள்.

நான் ஆறாம் வகுப்புப் போன வருஷம் மாமாவின் மனு தள்ளுபடியாகிவிட்டது. அவரையும் இந்தியாவுக்கு ஒதுக்கி அனுப்பிவிட்டார்கள். எங்கள் வீட்டில் அது திருவிழா. அப்பா கடையைச் சாத்திவிட்டு மாலையோடு எழும்பூருக்கு வந்தார். படத்தில் இருந்ததைவிட மாமா பாதியாக இருந்தார். அத்தை ஸ்டேஷனில் அழவில்லை. வீட்டுக்கு வந்து அவருக்கு இலை போட்டுப் பரிமாறினாள். மோர் ஊற்றும்போதுதான் கேட்டாள்.

“நம்ம வீட்டுல இப்ப யாரு இருக்கா?”

“புதுக் கணக்கப்பிள்ளை வந்துட்டாரு.”

“வாசல்ல நான் வச்ச டேலியா?”

“நா வரும்போது பூத்திருந்திச்சி.”

அத்தை மோர்ச் செம்பைக் கீழே வைத்தாள். அடுக்களைக்குள் போய் அழத் தொடங்கினாள். சாவு வீட்டில் அழுவதுபோல, வாய்விட்டு. மாமா இலையை மூடாமல் அப்படியே உட்கார்ந்திருந்தார். அம்மா அடுக்களை வாசல்வரை போய், உள்ளே நுழையாமல் நின்றாள். அப்பா மட்டும் சிரித்துக்கொண்டே என் கையில் லட்டுப் பெட்டியைக் கொடுத்தார். மாமா வந்த சந்தோஷத்தில் எங்கள் அத்தை அழுகிறாள் என்று தெருவில் ஒரு வீடு விடாமல் சொல்லி, எல்லோருக்கும் லட்டு கொடுத்துவிட்டு வந்தேன்.