நான் இடித்துத் தள்ளிய அக்கா

அடிபட்டு நடுரோட்டில் உட்கார்ந்துகொண்டு, தன் காயத்துக்குத் தானே கோடு நம்பர் போட்டு, "ஒன்றுமில்லை" என்று தானே தீர்ப்பும் சொல்லிக்கொண்ட மடையன் ஒருவன் கோயமுத்தூரில் இருக்கிறான் என்றால் அது நான்தான். நீங்களாகக் கண்டுபிடிப்பதற்குள் நானே சொல்லிவிடுகிறேன்.

போன மார்கழியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை. எனக்கு சரவணம்பட்டியில் மெடிக்கல் கோடிங் வேலை. அமெரிக்காவில் ஒருத்தர் விழுந்து எழுந்தால், அங்கே டாக்டர் எழுதியதை இங்கே நான் படித்து, என்ன காயம், எப்படி ஏற்பட்டது என்று ஒவ்வொன்றுக்கும் ஓர் எண் போட வேண்டும். அந்த எண்ணைப் பார்த்துத்தான் அங்கே இன்ஷூரன்ஸ்காரன் பணம் தருவான். அந்த எண்ணுக்குத்தான் கோடு என்று பெயர். மாடு முட்டினால் ஒரு கோடு, கிளி கடித்தால் ஒரு கோடு. எனக்கு வருவதெல்லாம் விபத்து கேஸ்கள். அதிலும் ஸ்கேட்டிங் போனவர் மேல் சைக்கிள் மோதிய கேஸ் வந்தால் எனக்கு ஒரே குஷி. காலில் சக்கரம் கட்டிக்கொண்டு பறக்கிறவரைக்கூட எங்கள் கணக்கில் நடந்து போகிறவர் என்றுதான் வைக்க வேண்டும். இதைச் சொல்லிச் சொல்லியே கேன்டீனில் பல பேருடைய டீயை ஆறவைத்திருக்கிறேன்.

உட்கார்ந்தே வேலை பார்த்ததில் தொப்பை எனக்கு முன்னால் நடக்க ஆரம்பித்துவிட்டது. "ஏனுங்க, சட்டைப் பட்டன் தெறிச்சு யாரு கண்ணாச்சும் போயிரப் போகுது" என்றாள் வீட்டுக்காரி. ரோஷத்தில் சைக்கிள் வாங்கினேன்.

எங்கள் ஊரில் ஞாயிறு காலையில் ஒரு ரோட்டை வண்டி வராமல் அடைத்து, நடக்கவும் விளையாடவும் விட்டிருப்பார்கள். அங்கே ஓட்டிக்கொண்டிருந்தபோது, எனக்கு வலப்பக்கம் ஒரு சைக்கிள்காரரும் ஸ்கேட்டிங் போன ஒரு பெண்ணும் நேருக்கு நேர் வந்தார்கள். மோதப்போகிறார்கள் என்று தோன்றியது. மனுசனாக இருந்தால் சத்தம் போட்டிருப்பான். நான் கழுத்தைத் திருப்பி வேடிக்கை பார்த்தபடி, 'இதுக்கு என்ன கோடு வரும்?' என்று மனதுக்குள் தேடிக்கொண்டே மிதித்தேன். அவர்கள் இருவரும் அழகாக விலகிப் போய்விட்டார்கள். நான்தான் எனக்கு நேரே ஸ்கேட்டிங்கில் வந்த ஓர் அக்காவின் மேல் போய் விழுந்தேன்.

ஐம்பதை நெருங்கும் வயசு. தலைக்கு ஹெல்மெட், முழங்காலுக்கும் முழங்கைக்கும் பட்டை கட்டி, போருக்குப் போகிறவர் மாதிரி இருந்தார். அப்போதுதான் ஸ்கேட்டிங் பழகிக்கொண்டிருந்தாராம். அவர் கையை ஊன்றிக் கீழே உட்கார்ந்துவிட்டார். எனக்கு ஹேண்டில் திரும்பி, அதன் முனை இடது விலாவுக்குக் கீழே ஒரு குத்து விட்டது.

கூட்டம் கூடியது. கூட்டம் என்றால் எனக்கு வாய் சும்மா இருக்காது. "அக்கா, எங்க ஆபீஸ் கணக்குல நீங்க நடந்து போறவங்க" என்றேன்.

"நான் எங்கீங்க நடந்தேன்? உருண்டுதான் வந்தேன்" என்றார் அவர், முகத்தில் ஒரு சிரிப்பும் இல்லாமல்.

"உங்களுக்கு ஒண்ணும் ஆகலைங்க்கா. எனக்கு சிராய்ப்பு மட்டும்தான். நான் தினமும் பாக்கறதுதான்" என்று கூட்டத்துக்கே அறிக்கை வாசித்தேன். ஆஸ்பத்திரிக்குப் போகலாம் என்றவர்களை விரட்டினேன். எங்கள் தொழிலில் முதல் பாடம், டாக்டர் எழுதாததை நீயாக ஊகித்துப் போடாதே என்பது. என் வயிற்றைப் பற்றி எந்த டாக்டரும் எதுவும் எழுதவில்லை. ஆகவே என் வயிற்றுக்கு எதுவும் இல்லை. ஹேண்டில் குத்தி மண்ணீரல் கிழிந்த கேஸ்களை எத்தனையோ முறை வாசித்துத் தள்ளியவன் நான். எழுத்தில் வந்தால்தான் எனக்கு மூளை வேலை செய்யும் போல.

கூட்டம் கலைந்தது. அக்கா ஓரமாக உட்கார்ந்து ஒற்றைக் கையால் ஸ்கேட்டிங் ஷூவைக் கழற்றிக்கொண்டிருந்தார். நானும் பக்கத்தில் உட்கார்ந்தேன். இடது தோள்பட்டை வலித்தது. விழுந்த வலிதானே என்று விட்டுவிட்டேன். கொஞ்ச நேரம் போனதும் அக்கா சட்டென்று என் பக்கம் திரும்பினார்.

"ஏனுங் தம்பி, பேச்சையே காணோம்?"

"ஒண்ணுமில்லைங்க்கா."

"இத்தன நேரம் ரேடியோவாட்டம் பாடிட்டு இருந்தீங்க. இப்ப மூஞ்சி வெளுத்துக் கெடக்குது. எந்திரீங்க."

நான் மறுத்தேன். சொன்னால் நம்புவீர்களா, 'ஸ்கேன் எடுக்கச் சொல்லிப் பர்ஸைக் காலி பண்ணிடுவாங்க' என்றுகூட ஒரு ஜோக் அடிக்கப் பார்த்தேன். பாதியில் மூச்சு வாங்கியது. அக்கா என் தோளைப் பிடித்து எழுப்பி, ரோட்டை அடைத்திருந்த முனைக்கு வெளியே நின்ற தன் லோடு வண்டியில் ஏற்றினார். வெட் கிரைண்டர் பட்டறை வைத்திருக்கிறார், டெலிவரிக்கு ஓடும் வண்டி. பின்னால் இரண்டு கிரைண்டர்கள், முன்னால் நான். வெறுங்காலோடு ஓட்டினார். கியர் மாற்றும்போதெல்லாம் பல்லைக் கடித்தார். 'நம்ம மேல செம கோபம் போல' என்று நினைத்துக்கொண்டேன்.

ஸ்கேனில் மண்ணீரல் கிழிந்து வயிற்றுக்குள் ரத்தம் கசிந்துகொண்டிருந்தது தெரிந்தது. "வீட்டுக்குப் போய்ப் படுத்திருந்தா எந்திரிச்சிருக்க மாட்டீங்க" என்றார் டாக்டர்.

வீட்டுக்காரி கோபிசெட்டிபாளையத்தில் அவள் அம்மா வீட்டில் இருந்தாள். அவள் பஸ் பிடித்து வந்து சேரும்வரை ஐசியூ வாசலில் உட்கார்ந்திருந்தது அந்த அக்காதான். ரத்தத்துக்கு ஆள் பிடித்ததும் அவர்தான். விபத்துக் குறிப்பு எழுத வந்தவர் யார் மேல் தப்பு என்று கேட்டதற்கு, "ரெண்டு பேருந்தான் மோதிக்கிட்டோம்" என்று சொல்லியிருக்கிறார். கழுத்தைத் திருப்பிக்கொண்டு ஓட்டியவன் நான் என்பதை அவர் சொல்லவே இல்லை. வீட்டுக்காரி வந்ததும், அவள் கையில் பட்டறை கார்டைக் கொடுத்துவிட்டுப் போய்விட்டார்.

ஆபரேஷன் இல்லாமலே தேறினேன். ஆனால் பல வாரம் அசையக்கூடாது என்று சொல்லித்தான் வீட்டுக்கு அனுப்பினார்கள். மறுபடி வேலைக்குப் போனபோது, விபத்து கேஸ் எதைத் திறந்தாலும் முதல் வரியிலேயே நின்றுவிட்டேன். என்ன மோதியது, எங்கே மோதியது, எல்லாம் எழுதியிருக்கும். இந்த ஆளைத் தூக்கிக்கொண்டு வந்தது யார் என்பது எதிலும் இருக்காது. கிளிக்குக்கூட இடம் கொடுத்த எங்கள் புத்தகத்தில் அவருக்கு இடமில்லை. இப்போது ஒவ்வொரு கேஸிலும், 'யாரோ ஒருத்தர் இருந்திருப்பார்' என்று நினைத்துக்கொண்டுதான் எண் போடுகிறேன்.

அந்த அக்காவுக்கு நன்றி சொன்ன லட்சணத்தையும் சொல்லிவிடுகிறேன். அசையாமல் கிடக்க வேண்டிய நாட்களிலேயே, வீட்டுக்காரி கடைக்குப் போன நேரம் பார்த்து, ஆட்டோ பிடித்து மைசூர்பாகு டப்பாவோடு பட்டறைக்குப் போய் நின்றேன். வழியெல்லாம் உருக்கமாக ஒரு பேச்சுத் தயார் பண்ணியிருந்தேன். உள்ளே அக்கா ஒரு கிரைண்டரை ஓடவிட்டுச் சத்தத்தைக் கேட்டுக்கொண்டிருந்தார். இடது கையில் மணிக்கட்டிலிருந்து முழங்கை வரை மாவுக்கட்டு.

"என்னங்க்கா இது?"

பக்கத்தில் ஸ்குரூ முடுக்கிக்கொண்டிருந்தவர் பதில் சொன்னார். "அன்னைக்கு சைக்கிள்காரன் ஒருத்தன் இடிச்சுப் போட்டானுங்க. எலும்பு விட்டுப்போச்சு."

உடைந்த அந்தக் கையால்தான் எனக்காக ஆஸ்பத்திரி வரைக்கும் கியர் போட்டிருக்கிறார். உங்களுக்கு ஒன்றுமில்லை என்று கூட்டத்துக்கு நடுவில் அறிக்கை வாசித்தவன் நான். தயார் பண்ணிய பேச்சை மறந்து டப்பாவை நீட்டினேன். கண் கலங்கியது. "அக்கா... அன்னைக்கே ஏனுங்க்கா சொல்லலை? நான் உங்களுக்கு என்ன செய்யட்டும், சொல்லுங்க" என்று திக்கினேன்.

அக்கா கிரைண்டரை நிறுத்தினார். மைசூர்பாகு டப்பாவை வாங்கி ஓரமாக வைத்தார். என்னை மேலும் கீழும் பார்த்தார்.

"மொதல்ல ஊட்டுக்குப் போய்ப் படுங்க."